ஸ்வீடன் நடிகையின் கடைசிக் காட்சி

எனக்குக் கோர்வையாக எழுத வராது. ஐந்தாவதோடு படிப்பு நின்றுவிட்டது, மறதியும் அதிகம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

எழுபதுகளில் ஜெர்மனியில், ஆஹென் நகரில் மகள் வீட்டில் இருந்தேன். ஒருநாள் பஸ்ஸில் எனக்கு எதிரே இரண்டு தமிழ் மாணவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். கோட்டும் தலைக்குட்டையுமாக இருந்த என்னைத் துருக்கிக்காரி என்று நினைத்திருப்பார்கள்.

"நாளைக்கும் அந்த அம்மாவைக் கொல்லலேன்னா என்னைத் துரத்திடுவாங்கடா," என்றார் உயரமானவர். எனக்குத் திக்கென்றது.

"எந்த அம்மா?"

"ஸ்வீடன் நடிகைடா. இங்க ஷூட்டிங் நடக்குதே. நடிச்ச படத்துல எல்லாம் முதல் ரீல்லயே அவங்களைக் கொன்னுட்டாங்களாம். கடைசி வரைக்கும் வரணும்னுதான் இப்ப சொந்தமா படம் எடுக்கறாங்க. கடைசி சீன்ல நான் கத்தியால குத்திட்டு, காலால உதைச்சுத் தள்ளணும்."

"உதைக்க வேண்டியதுதானே?"

"உதைச்சுடறேன். உடனே கை தானா அவங்களைத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்குது. டைரக்டர் கத்தறார். செத்துக் கிடக்கற அம்மா சிரிச்சிடறாங்க. நாளைக்குத்தான் கடைசி சான்ஸ்."

"கையைப் பாக்கெட்ல வச்சுக்கோ."

"அப்புறம் கத்தியை யார் பிடிக்கறது?"

இறங்குவதற்கு அவர்கள் எழுந்தபோது உயரமானவரின் கால் என் காலில் பட்டது. சட்டென்று குனிந்து என் கோட்டைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

"அந்த அம்மா நாளைக்கும் சாகமாட்டாங்கடா," என்றார் மற்றவர்.

படத்தின் பெயர் எனக்குத் தெரியாது. பார்த்தவர்கள் யாராவது இருந்தால், கடைசியில் அவர் செத்தாரா என்று சரிபார்த்துச் சொல்லுங்கள்.