விளக்கு இறக்காத கிணறு

கல்லூரியில் எனக்கு மிகவும் பிடித்தது நாற்காலிதான், ஐயா. முதுகைச் சாய்த்து உட்கார்ந்திருப்பதற்கும் ஒரு மரியாதை உண்டு என்று அங்கேதான் தெரிந்துகொண்டேன். அதுவரை விடுமுறை நாளெல்லாம் அப்பாவோடு கிணறுகளில் தூர் வாரிக்கொண்டிருந்தவன் நான்.

விடுதியில் சேர்ந்த அன்று, அப்பாவுக்கு என்ன வேலை என்று அறைத்தோழர்கள் கேட்டார்கள். தோட்டத்தைப் பார்த்துக்கொள்கிறார் என்றேன். யாருடைய தோட்டம் என்று ஒருவரும் கேட்கவில்லை. சாயங்காலத்துக்குள் எனக்கு ‘மைனர்’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். பட்டம் கிடைத்தபின் அதைக் காப்பாற்றத்தானே வேண்டும். மைனர் இரண்டாம் முறை சோறு கேட்கக் கூடாது. அரைவயிற்றோடு கௌரவமாக இருந்தேன்.

பிறகு தோட்டத்தைப் பார்க்கக் கிளம்பிவிட்டார்கள். மறுத்தால் சந்தேகம் வரும். முதலாளி வெளியூரில் இருந்தார், சாவி அப்பாவிடம். போனில் சொன்னேன்: “நீ வேலையாள் மாதிரி இருந்துக்கப்பா.”

“மாதிரி என்னடா மாதிரி. அதானே இருக்கேன்,” என்று சிரித்தார்.

நண்பர்கள் குளிப்பதற்காக, கிணற்றுக்குள் திட்டில் இருந்த டீசல் எஞ்சினை ஓட்டி அப்பா தொட்டியை நிரப்பினார். எட்டிப் பார்த்த ஒருவனின் கறுப்புக் கண்ணாடி அந்தத் திட்டில் விழுந்தது.

“மைனர், உன் ஆளை இறங்கச் சொல்லு.”

புகை தங்கிய கிணற்றில் முதலில் எரியும் விளக்கைக் கயிற்றில் இறக்குவோம். அது அணைந்தால் ஆள் இறங்குவதில்லை. நானே எத்தனையோ முறை இறக்கியிருக்கிறேன்.

“சின்னய்யா, விளக்கு விட்டுப் பாத்துட்டு இறங்கட்டுங்களா?”

“பாருடா, மைனர் வீட்டுல வேலைக்காரன்தான் உத்தரவு போடுறான்,” என்றான் கண்ணாடிக்காரன். எல்லாரும் என் முகத்தையே பார்த்தார்கள். விளக்கு எதற்கென்று எனக்குத் தெரிந்திருந்தால், எப்படித் தெரியும் என்று கேட்பார்கள்.

“சொன்னதைச் செய்யுய்யா,” என்றேன்.

“சரிங்க,” என்று இறங்கினார். பாதிப் படியில் இருமினார். அதற்குக் கீழே சத்தம் இல்லை.

கயிறு பக்கத்தில்தான் கிடந்தது. சுருக்கு வீசி ஆளைத் தூக்கும் விதம் எனக்குத் தெரியும். மைனருக்குத் தெரியாது.

தோட்டத்துக் குடிசையிலிருந்து அம்மா ஓடிவந்து என் காலைக் கட்டிக்கொண்டு அழுதாள்.

“யாருடா இந்தம்மா?”

“அவரோட சம்சாரம்,” என்றேன்.

அவரைக் கொன்றது நான்தான் என்று எழுதிக்கொள்ளுங்கள், ஐயா, கையெழுத்துப் போடுகிறேன். பொய் சொன்னேன் என்று மட்டும் எழுதாதீர்கள். அன்று நான் சொன்னதில் ஒரு வார்த்தை பொய் கிடையாது.