இதாலினாவுக்குக் காட்டிய வெயில்

எனக்குக் காப்பியில் சர்க்கரை வேண்டாம், கமிஷனர் அவர்களே. இந்த ரெசிஃபே நகரைச் சுற்றிக் கரும்பு விளைகிறது என்பதற்காகக் கோப்பைக்கு நாலு கரண்டி கொட்டிக்கொள்கிற ஆள் இல்லை நான். இந்த ஊருக்கு ருசி கிடையாது. இருந்திருந்தால் இதாலினாவைப் போய் சினிமா நட்சத்திரம் என்று கொண்டாடியிருக்குமா?

பஞ்சாலையில் நூல் சுற்றிக்கொண்டிருந்தவள் அவள். எழுதப் படிக்கத் தெரியாது. பேச்சும் கட்டைக் குரல்; ஊமைப்படத்தில் யார் குரலும் கேட்காது என்பதால் பிழைத்தாள். அழு என்றால், செத்துப்போன அம்மாவை நினைத்து நிஜமாகவே அழுவாள். அதை நடிப்பு என்று நம்பி, ஞாயிற்றுக்கிழமை மூன்று காட்சிக்கும் உட்கார்ந்து கைக்குட்டையை நனைத்தது ஜனம். அவளிடம் இருந்ததெல்லாம் இரண்டு பெரிய கண்கள். அவற்றைக் கண்டுபிடித்தவன் நான்.

நாங்கள் படம் எடுப்பது கூரையில்லாத கொட்டகையில். வெயிலை நிலைக்கண்ணாடியில் பிடித்து முகத்தில் அடிப்போம். நடுவே மெல்லிய துணி கட்டுவது வழக்கம். துணி கிழிந்துபோன ஒரு வாரம் அப்படியே எடுத்ததில் அவள் கண் சிவந்து நீர் வடிந்தது. நானே கண் டாக்டரிடம் அழைத்துப்போனேன். அவளை வெளியே உட்காரவைத்துவிட்டு அவர் என்னிடம் சொன்னார்: "இன்னும் ஒரு நாள் துணியில்லாம கண்ணாடியப் பாத்தாள்னா பார்வை போயிடும். அப்புறம் எங்கிட்டக் கூட்டிட்டு வராதீங்க."

"டாக்டர் என்னங்கய்யா சொன்னாரு?" என்று கேட்டாள்.

"ஒண்ணுமில்ல. நல்லாத் தூங்கச் சொன்னாரு."

அடுத்த வாரம் ரியோவிலிருந்து அவளுக்குக் கடிதம் வந்தது. படிக்கத் தெரியாததால் என்னிடமே நீட்டினாள். பெரிய கம்பெனி ஒன்று அவளைக் கூப்பிட்டிருந்தது. அவளை ஆளாக்கிய என்னைப் பற்றி அதில் ஒரு வரி இல்லை. உள்ளதை உள்ளபடி வாசித்துக் காட்டினேன். பொய் சொல்வது எனக்குப் பிடிக்காது.

"போகட்டுங்களா அரிஸ்தெவு ஐயா? நீங்க வேணாம்னா போகல."

இப்படிக் கேட்கிறவளிடம் வேண்டாம் என்று சொல்வது எனக்குக் கேவலம். "தாராளமாப் போ. ஒரே ஒரு காட்சி பாக்கி இருக்கு, அத முடிச்சுக் குடுத்துட்டுப் போ," என்றேன்.

மறுநாள் கேமராக்காரனுக்கு விடுப்பு கொடுத்தேன். துணியை அவிழ்த்தேன். கடலுக்குப் போன காதலன் திரும்பி வருகிறான், கண்ணாடியையே பார் என்றேன். காலை பத்திலிருந்து இரண்டு மணிவரை. சூரியன் நகர நகரக் கண்ணாடியைத் திருப்பிவைத்தேன், கேமராவின் கைப்பிடியையும் நானே சுற்றினேன்.

"ஐயா, கண்ணுல மணல அள்ளிப் போட்டாப்புல எரியுதுங்க."

"அவன் இன்னும் கரைக்கு வரல. பாரு."

பார்த்தாள். சொன்னதைச் செய்கிற புத்தி மட்டும் அவளுக்கு உண்டு.

இப்போது என் வீட்டில்தான் இருக்கிறாள். கையைப் பிடித்து மேசைக்குக் கூட்டிவருகிறேன். மீனில் முள் எடுத்துக் கொடுக்கிறேன். "நீங்க இல்லேன்னா நான் எங்கய்யா போவேன்?" என்கிறாள். இதெல்லாம் புகார் கொடுத்த அவள் தங்கைக்கு எங்கே தெரியப்போகிறது?

கலைக்காகச் செய்தேன் என்று முதலில் சொன்னேன். அப்படியானால் அந்த நாலு மணி நேரத்தில் எடுத்ததைக் காட்டு என்கிறீர்கள். காட்ட ஒன்றும் இல்லை. படச்சுருள் ஐரோப்பாவிலிருந்து கப்பலேறி வர வேண்டிய சரக்கு. அதைப் போய் இதாலினாவுக்கு வீணாக்குவேனா? அன்று கேமரா காலியாகத்தான் இருந்தது.