பெரிய பிளான்

– மறுபடியும் கேக்குறேன், டீச்சர். இந்தக் காகிதத்துல இருக்கிற ‘பெரிய பிளான்’னா என்ன?

– மறுபடியும் சொல்றேன், தளபதி. கேமராவை முகத்துக்குக் கிட்டக்கக் கொண்டுபோய்ப் பிடிக்கிறது. திரை முழுக்க முகம் மட்டும் தெரியும். அதுக்குப் பேரு பெரிய பிளான்.

– ‘பொது பிளான்’?

– தூரத்துல நின்னு எல்லாத்தையும் சேர்த்துப் பிடிக்கிறது. ரஷ்யாக்காரங்க வச்ச பேரு. இந்த சினிமாக் கல்லூரில முதல் வாரமே சொல்லிக்குடுத்துடுவோம்.

– கதை விடுறா, தளபதி! எங்க கூட்டுப்பண்ணைல அஞ்சு வருஷ பிளான்னு ஒண்ணு போடுவாங்க. அதுல எந்த மூஞ்சியும் தெரிஞ்சதில்ல. பருத்தி எத்தனை டன்னுன்னுதான் இருக்கும்.

– நீ சும்மா இரு, ரஜப். அடுப்பைப் பாரு, அணையுது. டீச்சர், வாயைத் துடைச்சுக்குங்க. ரத்தம் காகிதத்துல சொட்டுது.

– உங்க ஆளு அடிச்ச அடி. எனக்கு அம்பத்திரெண்டு வயசு. அவன் அம்மா வயசு.

– எங்க அம்மா பிளான் போட மாட்டா, பெரியம்மா. ரொட்டி சுடுவா. தளபதி, இந்தத் தடிப் புத்தகத்தைப் போடட்டுமா? பளபளன்னு இருக்கிற தாள் புகையுது. பழுப்புத் தாள்தான் நல்லா எரியுது.

– போடு. டீச்சர், இது உங்க கையெழுத்துத்தானே? அடியில முனவ்வரான்னு இருக்கு. சரியா?

– ஆமா.

– பதினாலு வரி. ஒவ்வொரு வரிக்கும் பக்கத்துல நம்பர். ‘கிழக்கு ஏழு, மூணு.’ ‘வடக்கு ரெண்டு, அஞ்சு.’ கிழக்குல ஏழாவது தெருவுல எங்க ஆளுங்க இருக்காங்க. வடக்குல ரெண்டாவது பாலத்துல எங்க பீரங்கி நிக்குது. இதுக்கு என்ன சொல்றீங்க?

– கிழக்குச் சுவரு, ஏழாவது அலமாரி, மூணாவது தட்டு. இதோ, உங்க முதுகுக்குப் பின்னாடி. எழுந்து போய்ப் பாருங்க, அந்த இடம் காலியா இருக்கும். அந்தப் புத்தகத்தைத்தான் உங்க ஆளு இப்ப அடுப்புல போட்டான்.

– மூணாவது வரி. ‘வெட்டுவதும் ஒட்டுவதும்.’ யாரை வெட்டுறது?

– பிலிமை. கவனிங்க, தளபதி. ஒரு ஆம்பளை முகம். அதுல அழுகை, சிரிப்பு எதுவும் இல்ல. அதை வெட்டி, அடுத்தாப்புல ஒரு ரொட்டியை ஒட்டினா, ஐயோ பாவம் பசியில இருக்கான்னு ஜனங்க சொல்லுவாங்க. அதே முகத்துக்கு அடுத்தாப்புல ஒரு பிணத்தை ஒட்டினா, துக்கத்துல இருக்கான்னு சொல்லுவாங்க. முகம் ஒண்ணுதான். அதைப் பத்தித்தான் அந்தப் புத்தகம்.

– என் முகத்தைப் பாருங்க. என்ன தெரியுது?

– அடுத்தாப்புல எதைக் காட்டப் போறீங்கன்னு தெரியாம எப்படிச் சொல்றது?

– பார்த்தீங்களா தளபதி, வாயி! விரலை நீட்டு, பெரியம்மா. மேஜை மேல வை.

– ரஜப்.

– ஒரே ஒரு விரல், தளபதி. அப்புறம் தானா எல்லா பிளானும் வரும்.

– இடது கை. வலது கை எழுதணும்.

– ஐயோ! யா அல்லா... அல்லா...

– போதும். துப்பாக்கியைக் கீழ வை. டீச்சர், மூச்சை விடுங்க. விடுங்க. ரஜப், அந்தத் துணியைக் குடு. கட்டிக்குங்க. இப்ப சொல்லுங்க. ஒன்பதாவது வரி.

– உலக யுத்தம் முடிஞ்சதும்... இத்தாலிக்காரங்க... ஸ்டூடியோவெல்லாம் இடிஞ்சு கிடந்துச்சு. தெருவுலயே எடுத்தாங்க. நடிக்கத் தெரியாத ஜனங்களை வச்சு. அதைப் பத்தின புத்தகம். இந்த ஊருக்கும் ஒருநாள் அது வேணும்னு அதைச் சேர்த்தோம்.

– பத்து?

– ஜப்பான்காரங்க கேமராவை எவ்வளவு உயரத்துல வைப்பாங்கன்னு. தரையில சம்மணம் போட்டு உக்காந்திருக்கிறவன் கண்ணு மட்டத்துல. நம்ம ஆளுங்களும் தரையிலதானே உக்கார்றோம்.

– பதினொண்ணு?

– இந்தியப் படங்களோட வரலாறு.

– என்னது, இந்தியப் படமா? பாட்டு, சண்டை, மழையில ஆட்டம், எல்லாம் போட்டிருக்குமா?

– எல்லாம் இருக்கும். படத்தோட இருக்கும்.

– எந்த அலமாரி?

– எந்த அலமாரியிலயும் இல்ல. அதைத்தான் வந்ததும் முதல்ல அடுப்புல போட்டே. சிவப்பு அட்டை.

– அடச்சீ! முன்னாடியே சொல்லக் கூடாதா, பெரியம்மா? இந்தியப் படம்னா எங்க ஊரே மூக்கைச் சிந்தும்! தளபதி, சத்தியமா எனக்குத் தெரியாது.

– அது என்ன சத்தம்? வெளியே யாரைச் சுட்டீங்க?

– காவல்காரனை, பெரியம்மா. ஜன்னல்ல தெரியுது. பின்பக்கத்து மதில்ல ஏறினான்.

– ஷுக்கூரோவையா? அவருக்கு எழுபது வயசு! மதில் ஏற முடியாது அவரால!

– அதான் மாட்டிக்கிட்டான்.

– வாயை மூடு, ரஜப்! டீச்சர், இங்க பாருங்க. எனக்கு இந்தப் பதினாலு வரிதான் வேணும். இதைக் கொண்டுவந்த பையன் கீழ இருக்கான். அடி பலமா பட்டிருக்கு, ஆனா உயிரோட இருக்கான். நீங்க உண்மையைச் சொன்னா அவன் பிழைப்பான். சரியா?

– என் மாணவன் பஹ்ரோம் இங்கயா இருக்கான்? நான் அவனைப் பாக்கணும்.

– முதல்ல பதில்.

– ஒரு நிமிஷம் பாக்கணும். அப்புறம் எது கேட்டாலும் சொல்றேன்.

– வயர்லெஸ்ல கூப்பிடுறாங்க, போயிட்டு வர்றேன். ரஜப், தொடாதே அவளை. ஒரு விரல்கூடப் படக் கூடாது. தண்ணி கேட்டா குடு.

– சரி, தளபதி... இந்தா பெரியம்மா, தேத்தண்ணி. ஆறிப்போச்சு, பரவால்ல. கோவிச்சுக்காத. என் வேலை இது. நான் லாரி ஓட்டிக்கிட்டிருந்தவன்.

– ரஜப், நீ இந்தியப் படம் பாத்து அழுதவன். என்கிட்டப் பொய் சொல்லாதே. கீழ அறையில பஹ்ரோம் எப்படி இருக்கான்?

– கீழயா? கீழ உருளைக்கிழங்குதான் இருக்கு.

– அந்தக் காகிதத்தைக் கொண்டுவந்த பையன்?

– ஓ, அவனா. சொல்லக் கூடாது.

– கையை உடைச்சே. இதையாவது சொல்லு.

– முந்தாநாள் காலையில, பெரியம்மா. ஆத்துப் பாலத்துல பனிமூட்டம், ஆளு நிழலாத்தான் தெரியுது, மூஞ்சி தெரியல. அந்தக் கரையில இருந்து ஒருத்தன் கையை ஆட்டிக்கிட்டே ஓடி வர்றான். என்னமோ கத்துறான், ஆத்து இரைச்சல்ல காதுல விழல. நில்லுன்னோம். நிக்கல. சடக்குன்னு கோட்டுக்குள்ள கையை விட்டான். குண்டு எடுக்கிறான்னு எல்லாரும் படுத்துட்டோம். தளபதிதான் படுக்கல. நின்னபடியே மூணு தடவை சுட்டார்.

– மூணு.

– முதல் குண்டுக்கே விழுந்துட்டான். அப்புறம் தளபதி தனியா நடந்து போனார். எங்களைக் கிட்டவே விடல. உடம்புல வெடி கட்டியிருப்பான்னு எங்களைக் காப்பாத்தத்தான். அப்படிப்பட்ட மனுஷன்! குழியையும் அவரே வெட்டினார். மண்ணு உறைஞ்சு இரும்பு மாதிரி, கடப்பாரை இறங்கல. மத்தியானம் வரைக்கும் வெட்டினார். அவன் கையில வெடி இல்ல. இந்தக் காகிதம்தான் இருந்துச்சாம்... பெரியம்மா? என்ன, அழுறியா? தளபதி வர்றார், நான் எதுவும் சொல்லல, சரியா?

– என்ன ஆச்சு? ரஜப், தொட்டியா?

– இல்ல தளபதி, அல்லா மேல ஆணை! தேத்தண்ணி குடுத்தேன்.

– டீச்சர், கடைசி வாய்ப்பு. இந்தத் தாளுல எழுதுங்க. ‘இது புத்தகப் பட்டியல் இல்ல. உங்க படையைத் தாக்கப் போட்ட பிளான். பஹ்ரோம் உளவு பாக்க வந்தான்.’ கீழ கையெழுத்துப் போடுங்க. வாசல்ல வண்டி நிக்குது. வடக்கே கணவாய் தாண்டி, எல்லை வரைக்கும் என் ஆளு கொண்டுபோய் விடுவான். யாரும் உங்களைத் தொட மாட்டாங்க.

– உளவுன்னு எழுதிக் குடுத்தா கொல்லுவாங்க. நீங்க வண்டி தர்றேங்கிறீங்க.

– ஏன்னு கேக்காதீங்க. எழுதுங்க.

– எழுத மாட்டேன்.

– ரஜப், பெட்ரோல் கேனை எடு. அந்த அலமாரி மேல ஊத்து. முழுசா. இவங்க மேலயும் ஊத்து.

– ஊத்துங்க. தாராளமா ஊத்துங்க. செத்தவனை உயிரோட இருக்கான்னு சொல்லி என்னைப் பேச வச்சீங்களே! உங்க கையால சுட்டுட்டு, இப்ப அவன் பேருல களங்கத்தையும் என் கையால எழுத வைக்கணுமா?

– யாரு சொன்னது? ரஜப்!

– தளபதி, நான்... வாய் தவறி...

– அவனை விடுங்க. என்கிட்டப் பேசுங்க. அந்தக் காகிதம் என்னன்னு தெரியணும், அவ்வளவுதானே? கேளுங்க. தெற்குல இருந்து வர்ற படை இந்தக் கட்டடத்துலதான் தங்கும்னு ஊருக்கே தெரிஞ்சுபோச்சு. தங்கினா குளிருக்கு எதை எரிப்பீங்கன்னும் தெரியும். நானும் பஹ்ரோமும் ரெண்டு நாள் இதே மேஜையில உக்காந்தோம். நாலாயிரம் புத்தகம். சினிமான்னா என்னன்னு உலகத்துல யோசிச்சவங்க எல்லாரும் இந்தச் சுவத்துல இருந்தாங்க. அவன்தான் சொன்னான், நாலாயிரத்தை விட்டுவைங்கன்னா சிரிப்பாங்க, பதினாலு கேட்டா குடுப்பாங்கன்னு. பதினாலு இருந்தாப் போதும், மறுபடியும் ஒரு வகுப்பு தொடங்கிடலாம்னான். ஒவ்வொண்ணா அடிச்சு அடிச்சு பதினாலுக்கு வந்தோம். சண்டையே போட்டோம். பதிமூணாவது நான் கேட்டது, பதினாலாவது அவன் கேட்டது.

– யாருகிட்டக் கேக்கப் போனான்?

– அவன் அண்ணன்கிட்ட. தெற்குப் படையில அவன் அண்ணனும் ஒரு தளபதி. உங்களை மாதிரி, ஆனா மனுஷன். பேரைச் சொல்லல, அண்ணன்னு மட்டும்தான் சொல்லுவான். வீட்டுல எல்லாரும் இவன் பாலம் கட்டப் படிக்கிறான்னு நினைச்சுக்கிட்டிருக்காங்க, அண்ணன்கிட்டயாவது உண்மையைச் சொல்லணும், சினிமாதான் படிக்கிறேன்னு, அவன் திட்டுவான், அப்புறம் சிரிப்பான்னான். நான் போகாதேன்னேன். என் குரலைக் கேட்டா அண்ணனுக்குத் தெரியும், சுட மாட்டான்னு சிரிச்சுக்கிட்டே போனான். கேட்டீங்களா? அவன் அண்ணன் இந்த ஊருக்குள்ளதான் எங்கயோ இருக்கான். ஒருநாள் இது அவன் காதுக்குப் போகும். அன்னைக்கு உங்க தோலை உரிச்சு அந்தப் பாலத்துலயே தொங்கவிடுவான்!

– தளபதி, மிரட்டுறா பாருங்க! தீக்குச்சி எங்க?

– கேனைக் கீழ வை.

– தளபதி...

– கீழ வைடா! வெளியே போ. கதவைச் சாத்து. இனிமே இந்த அறையில ஒரு தாளு எரிஞ்சாலும் உன்னை எரிச்சிடுவேன். காவல்காரக் கிழவனுக்குக் குழி வெட்டு. போ!

– ...சரி, தளபதி.

– நான் எழுத மாட்டேன். அவனை அனுப்பிட்டா மட்டும் எழுதிடுவேன்னு நினைக்காதீங்க.

– எழுத வேண்டாம். தாளைக் கிழிச்சுட்டேன், பாருங்க. வண்டி நிக்குது, நீங்க போகலாம். புத்தகத்துல மிச்சம் எது இருக்கோ எடுத்துக்குங்க. தூக்கிவைக்க ஆள் தர்றேன்.

– என்ன இது? இன்னொரு நாடகமா?

– இல்ல. ஒண்ணே ஒண்ணு மட்டும் சொல்லிட்டுப் போங்க. அண்ணனைப் பத்தி வேற என்ன சொன்னான்?

– உங்களுக்கு எதுக்கு அது?

– சொல்லுங்க... அக்கா.

– ...முதல்முதல்ல சினிமாவைக் காட்டினதே அண்ணன்தான்னு சொல்லுவான். மலையடிவாரத்து ஊருக்கு வாரம் ஒரு தடவை படவண்டி வருமாம். இவனுக்கு அஞ்சு வயசு. அண்ணன் தோள்ல உக்காரவச்சு ஏழு கிலோமீட்டர் நடந்தே கூட்டிக்கிட்டுப் போவானாம்.

– ஏழு இல்ல, அக்கா. பதினொண்ணு. திரும்பி வரும்போது என் தோள்லயே தூங்கிடுவான். அவனுக்கு எப்படித் தெரியும்?