நாற்பத்தொரு தரம் செத்த மனிசன்

ஹலோ... ஹலோ, மரண அறிவித்தல் எடுக்கிற தம்பியோ?... ஓம் ஓம், அன்புராசா. நான் அஜின்கோர்ட் செலீன் அன்ரி கதைக்கிறன்... சுகமாயிருந்தால் உமக்கு ஏன் எடுக்கிறன்? நாளைக்குக் காலமை றேடியோவில ஒரு அறிவித்தல் வாசிக்கோணும். எழுதும்.

பேர் லோதர் கிறம்பெக். வயசு தொண்ணூற்றிரண்டு... பிறப்பிடமோ? புறெமன்... எங்கட தீவுப்பக்கம் இல்லையப்பா, ஜேர்மனி!... ஓம், வெள்ளைக்காரன். ஏன், வெள்ளைக்காரர் சாகிறேல்லையோ?

என்ர பேஸ்மென்றில பதினொரு வரியம் வாடகைக்கு இருந்தவர். சினிமா நடிகர்... சிரியாதையும். உண்மையாத்தான்... இல்லை, நீர் பாத்திருக்க மாட்டீர். பாத்திருந்தாலும் இவரைக் கவனிச்சிருக்க மாட்டீர். கதாநாயகனுக்குப் பின்னால மூண்டாவதா நிக்கிற மூஞ்சை.

ரெண்டாம் உலகச் சண்டை முடிஞ்சு ஊரெல்லாம் உடைஞ்சு கிடந்த காலத்தில, பதினேழு வயசில தொடங்கினவர். அப்ப அங்கை மலை, மாடு, பாட்டு எண்டு கனக்கப் படம் எடுத்தவங்களாம். அதுகளில இவர் குடிச்சிட்டு விழுற வெறிகாரன். பேந்து துப்பறியிற படம். அதில இவர் கதவு திறக்கிற வேலைக்காரன். எல்லாருக்கும் இவரிலதான் சந்தேகம் வரும், அரைவாசிப் படத்தில இவரையே ஆரோ கொலை செய்துபோடுவான். அதுக்குப் பிறகு கௌபோய் படம்... ஓமப்பா, ஜேர்மன் கௌபோய்! யூகோஸ்லாவியாவில போய் எடுத்தவங்கள். குதிரையால விழுந்து சாவு.

கடைசியா இங்கிலிஸ் சண்டைப்படம். ஜேர்மன் நாசி ஒபிசருக்கு ஆள் வேணும் எண்டு இவரைத்தான் பிடிச்சவங்கள். பதினாலு தரம் அந்த உடுப்பு! இவரின்ர தேப்பனை நாசியள்தான் மறியலில போட்டுச் சாக்காட்டினவங்கள், தெரியுமோ? ஏன் அந்த உடுப்பைப் போட்டனீர் எண்டு நான் கேட்டனான். 'நான் போட்டால் ஒவ்வொரு படத்திலயும் அவங்கள் சாவாங்கள்' எண்டார். பாரும் கதையை!... ஓம், அப்பிடியொரு படத்துக்குத்தான் ரொறன்ரோவுக்கு வந்தவர். படத்தில செத்து முடிய அங்கையே பார்க்டேலில அறை எடுத்து நிண்டிட்டார்.

என்ன?... இல்லை இல்லை, 'சிவபதம்' போடாதையும்! 'இறைவனடி'யும் வேண்டாம், கடவுளை நம்பாத மனிசன், எழும்பி வந்து என்னோட சண்டை பிடிக்கும். 'காலமானார்' எண்டு சும்மா போடும்.

நாளைக்குப் பின்னேரம் அஞ்சிலயிருந்து ஒன்பது வரைக்கும் பார்வைக்கு வைக்கினம்... ஆர் வருவினமோ? அதுக்குத்தானே உம்மைக் கெஞ்சுறன்! இருநூறு கதிரை போட்ட ஹோல். நானும் பெட்டி தூக்கிறவையும் மட்டும்தான். இவரோட நடிச்சவை எல்லாரும் எப்பவோ செத்துப் போயிட்டினம். தம்பி, இந்த மனிசன் படத்தில நாற்பத்தொரு தரம் செத்தவர், ஒரு படத்திலயும் ஒரு செத்தவீடு காட்டேல்லை. கதாநாயகன் தன்ர பாட்டில போயிடுவான், இவர் மண்ணில கிடப்பார். 'செலீன், எனக்கு ஒருக்காலாவது சனம் வரோணும்' எண்டு எத்தினை தரம் சொன்னவர்! எங்கட ஆக்கள் றேடியோவில கேட்டால் செத்தது ஆரெண்டு தெரியாட்டியும் வெளிக்கிட்டு வருவினம் எல்லே? அதுதான் வேணும்.

... உறவு இல்லாமல் வாசிக்கேலாதோ? ஆரின்ர சட்டம் உது?... 'நண்பர்கள்' எண்டு போடுமன்... ஒரு சொந்தமாவது வேணுமோ... 'வீட்டுக்காரி' எண்டு போட்டால்?... விசர்க்கதை கதையாதையும், 'அன்னார் செலீனின் அன்பு ரெனன்ற்' எண்டு ஆர் வாசிக்கிறது!

... பொறும். பொறும் தம்பி. கதவைச் சாத்திப்போட்டு வாறன்.

எழுதும். 'செலீனின் அன்புக் கணவரும்'... ஓம், கணவர்தான், எழுதும்... பொய்யில்லை! ஆறு வரியம். சிற்றி ஹோலில கலியாணம் எழுதினது, கடதாசி கையில கிடக்கு... ஓம், அப்ப அவருக்கு எண்பத்தாறு, எனக்கு அறுபத்தினாலு. உமக்கென்ன கஷ்டம்?... ஒருத்தருக்கும் சொல்லேல்லை. சேர்ச்சில சொன்னால் என்னை உரிச்சுப்போடுவினம். என்ர மகன் றிச்சர்ட்டுக்கும் தெரியாது. பகிடி என்னெண்டால், பேஸ்மென்றுக்கு ஆள் பிடிச்சுத் தந்ததே அவன்தான். 'வயசான ஆள் அம்மா, கரைச்சல் தராது' எண்டவன்.

தந்தவர், தம்பி. நல்லாய்க் கரைச்சல் தந்தவர். படியால விழுந்து காட்டுறது, சோபாவில செத்துக் காட்டுறது, நான் கத்தினால் ஒற்றைக் கண்ணைத் திறந்து சிரிக்கிறது. செவ்வாய்க்கிழமையும் குசினிக்குள்ள விழுந்தார். 'உது போன கிழமையே காட்டினீர், எழும்பும், தேத்தண்ணி ஆறுது' எண்டு நான் என்ர பாட்டில கோப்பை கழுவினனான். மூண்டு கோப்பை கழுவினனான், தம்பி... மூண்டு... இல்லை, அழேல்லை. அழுறன்தான். எழுதும் நீர்.

... றிச்சர்ட் கேப்பான்தான். கேக்கட்டும். அவன்ர யூனியன்வில் வீட்டில காலமை உங்கட றேடியோதான் போகும்... அவனுக்கு முதலே சொல்லோணுமோ? எனக்குப் பயம், உள்ளதைச் சொல்லுறன். அவன் 'எப்பிடியம்மா' எண்டு கேட்டால் நான் என்னத்தைச் சொல்ல?... சரி, உந்த நியாயத்தை விட்டுட்டு எழுதினதை ஒருக்கால் வாசியும் பாப்பம்.

ம்... ம்... புறெமனைப் பிறப்பிடமாகவும், ஓம்... அஜின்கோர்ட்டை வசிப்பிடமாகவும்... ம்... திரைப்பட நடிகருமான, ஆ, அது வடிவு...

... அந்த இடத்தைத் திரும்ப வாசியும்.

... இல்லை, பிழையொண்டும் இல்லை. 'செலீனின் அன்புக் கணவர்'. இவ்வளவு காலத்தில வேறையொருத்தரின்ர வாயால அதை இண்டைக்குத்தான் கேக்கிறன். அவரும் கேட்டதில்லை, பாவம். நான் கேக்க விடேல்லை.

... ஓம். ஓம், இருக்கிறன். சரி, வையும் தம்பி. இதை றிச்சர்ட் உம்மட வாயால கேக்கக் கூடாது. நான் காரை எடுத்துக்கொண்டு யூனியன்வில்லுக்குப் போறன்... இல்லை, போனில சொல்லமாட்டன், முகத்தைப் பாத்துத்தான் சொல்லுவன்... நீர் ஒரு எழுத்தும் மாத்தாதையும். என்ன நடந்தாலும் காலமை வாசிக்கிறீர்... வைக்கிறன்.