நாலு மணி வள்ளமும் பன்னிரண்டாவது கதிரையும்

இந்த இரங்கற் கூட்டத்துக்குத் தலைமை தாங்கும் அதிபர் பரராசசிங்கம் அவர்களே, பங்குத் தந்தை அவர்களே, ஆசிரியர்களே, மாணவச் செல்வங்களே, எழுவைதீவிலிருந்து கடல் கடந்து வந்திருக்கும் உறவுகளே! பெற்ற மகளைப் பறிகொடுத்துவிட்டு முன்வரிசையில் இருக்கும் யாகப்பு அண்ணை, அக்கா, உங்கள் இருவருக்கும் முதலில் என் வணக்கம்.

ஊர்காவற்றுறையில் இப்படியான கூட்டங்களைப் பின்னேரத்தில் வைப்பதுதான் வழக்கம். இன்று காலை பத்து மணிக்கு வைத்திருக்கிறோம். அதற்குக் காரணம் நாங்கள் யாரை நினைத்துக் கூடியிருக்கிறோமோ அவள்தான். செல்வி மேரிஜோசப்பின் யாகப்பு. வயது இருபது. எழுவைதீவுப் பிள்ளை, இந்தப் பாடசாலையின் பழைய மாணவி. மாணவர் பிரதிநிதித்துவம் கேட்டுத் தொடங்கிய குழுவின் முதல் தலைவி. போன மாதம் நெருப்புக்காய்ச்சல் அவளைக் கொண்டுபோய்விட்டது. மேடையில் நின்று 'அவள்' என்கிறேன், குறை நினைக்க வேண்டாம். ஆறாம் வகுப்பிலிருந்து நான் பார்த்த பிள்ளை.

நான் பேச்சாளன் அல்லன். முப்பது வருடம் தபாற் கந்தோரில் முத்திரை குத்தினவன். ஓய்வு பெற்ற பிறகு, எண்பத்தோராம் ஆண்டிலிருந்து பாடசாலை அபிவிருத்திச் சங்கத்தின் செயலாளர். இந்த ஐயாத்துரை எழுதும் அறிக்கையில் பிழை இருக்காது என்று ஊரில் சொல்வார்கள். நானும் அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன். அந்த அறிக்கைகளில் ஐந்து வருடம் தொடர்ந்து ஒரே வசனத்தை எழுதினேன்: "எழுவைதீவுப் பெற்றோர் பிள்ளைகளின் கல்வியில் அக்கறை காட்டுவதில்லை, ஒருவரும் கூட்டத்துக்குச் சமுகமளிக்கவில்லை."

எங்கள் சங்கக் கூட்டத்தில் பதினொரு கதிரை. உறுப்பினர் பதினொரு பேர். தேத்தண்ணி கொண்டுவருவது மேல் வகுப்புப் பெண்பிள்ளைகள். எண்பத்தாறில் அந்த வேலை மேரிஜோசப்பினுக்கு. தட்டத்தோடு வருவாள், கொடுப்பாள், குடித்து முடித்த பேணிகளை எடுத்துக்கொண்டு போகக் கதவோரம் காத்து நிற்பாள். கதவோரம் நிற்கிற பிள்ளைக்கும் காது இருக்கிறது என்று எங்களில் யாராவது நினைத்தோமா? இல்லை!

அந்த வருடமும் என் வசனத்தை வாசித்தேன். அவள் பேணியை என் முன்னால் வைத்துவிட்டுக் கேட்டாள்:

"ஐயா, கூட்டம் நாலு மணிக்கு. எங்கட கடைசி வள்ளமும் நாலு மணிக்குத்தான் வெளிக்கிடுது. இஞ்ச வந்தால் தாய் தகப்பன்மார் ராவைக்கு எங்க படுக்கிறது?"

"அப்ப நீர் எப்பிடிப் பிள்ளை நிக்கிறீர்?" என்றேன்.

"கூட்டமெண்டால் நான் சூசையம்மா மாமி வீட்டை நிக்கிறனான். முழுத் தீவும் மாமி வீட்டை நிக்க ஏலாது, ஐயா."

சபை சிரித்தது. நான் சிரிக்கவில்லை. துறைமுகத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் வீடு வைத்திருக்கிறேன். அந்த வள்ளம் வெளிக்கிட ஆயத்தமாகிற சத்தத்தைக் கேட்டுத்தான் ஒவ்வொரு கூட்டத்துக்கும் சால்வையை எடுத்துப் போடுகிறவன். எனக்குத் தெரியாதா? தெரியும்! ஆனால் ஐந்து வருடம் அதை யோசிக்கவில்லை.

கூட்டத்தைச் சனிக்கிழமை காலைக்கு மாற்றினோம். முதல் கூட்டத்துக்கே எழுவைதீவிலிருந்து இருபத்துமூன்று பேர் வந்தார்கள். விடிய விடியக் கடலில் மீன் பிடித்துவிட்டு, கண் சிவக்க, யாகப்பு அண்ணையும் வந்திருந்தார். இதோடு விஷயம் முடிந்தது, பிள்ளைக்கு ஒரு பாராட்டுச் சொல்லிவிடலாம் என்று கூப்பிட்டேன். அவள் சொன்னது இது:

"நேரத்தை மாத்தினது சந்தோசம். ஆனால் இதைச் சொல்லுறதுக்கு நான் தேத்தண்ணி கொண்டுவர வேண்டி இருந்ததெல்லே? அடுத்த வருசம் தேத்தண்ணி கொண்டுவாற பிள்ளை வாய் திறக்காட்டி என்ன செய்வியள்? எங்களுக்கு ஒரு கதிரை தாங்கோ."

அன்றுதான் தொடங்கியது. அவளும் அவளோடு படித்த புளியங்கூடல் சிவபாதமும் கோரிக்கை ஒன்று எழுதினார்கள். மாணவர்கள் தெரிவு செய்யும் ஒரு பிரதிநிதி, வாக்குரிமையோடு, சங்கத்தில் இருக்க வேண்டும். அவ்வளவுதான். வள்ளத்திலும் பஸ்ஸிலும் மதிலடியிலும் கையொப்பம் வாங்கினார்கள். இருநூற்றுப் பன்னிரண்டு ஒப்பம். ஒவ்வொன்றையும் மாணவர் பெயர் இடாப்போடு ஒப்பிட்டுப் பார்த்தேன். பிழை பிடிக்கத்தான் பார்த்தேன்! ஒன்றுகூடப் பிழையில்லை.

தீர்மானம் வாக்கெடுப்புக்கு வந்தது. ஆதரவு ஐந்து, எதிர்ப்பு ஆறு. அந்த ஆறில் ஒரு கை யாருடையது என்று இந்த மண்டபத்தில் பலருக்குத் தெரியாது. என்னுடையது. வளர்ந்தவர்கள் பேசுகிற இடத்தில் பிள்ளைகளுக்கு என்ன வேலை என்று கேட்டேன். அவள் வந்து சொல்லித்தான் என் கண் திறந்தது, அவளுக்கே எதிராகக் கை தூக்கினேன். இதை இன்று யாகப்பு அண்ணைக்கு முன்னால் சொல்லாமல் வீட்டுக்குப் போனால் நான் மனிதனில்லை.

வாக்கெண்ணி முடிய அவள்தான் தேத்தண்ணி கொண்டுவந்தாள். கண் கலங்கியிருந்தது. எனக்குச் சலரோகம். எனக்கு மட்டும் சீனி போடாத பேணி. அன்றைக்கும் அவள் அதை மறக்கவில்லை.

பாடசாலையை விட்ட பிறகும் அவள் கோரிக்கையை விடவில்லை. எழுவைதீவில் சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தாள். ஒவ்வொரு பொதுக்கூட்டத்துக்கும் ஒரு கடிதம் வரும். கடலில் போக்குவரத்துத் தடை போட்ட நாட்களிலும், தடை எடுத்த முதல் வள்ளத்தில் கடிதம் வந்துவிடும். கடைசிக் கடிதம் வந்தது ஜனவரியில். "அடுத்த கூட்டத்தில் பார்க்கலாம்" என்று மூலையில் எழுதி வைத்தேன். முப்பது வருடம் கடிதங்களைப் பிந்தாமல் சேர்ப்பித்தவன், இந்த ஒன்றைப் பிந்தவிட்டேனே! அவள் இருக்கும்போது எடுத்திருக்கக் கூடாதா? எடுத்திருக்கலாம். எடுக்கவில்லை. அது என்னுடைய குற்றம்.

ஆகவே, சபையோரே, புகழ்ந்து பேசிவிட்டு இறங்கிப் போக நான் வரவில்லை. வருகிற சனிக்கிழமை பொதுக்கூட்டம். காலை வள்ளம் வந்து சேர்ந்த பிறகுதான் தொடங்கும். மேரிஜோசப்பினின் தீர்மானத்தை, ஒரு சொல்லும் மாற்றாமல், நான் முன்மொழிவேன். அன்று என்னோடு எதிர்த்துக் கை தூக்கிய ஐவரில் நால்வர் இந்த மண்டபத்தில் இருக்கிறார்கள். பெயர் சொல்ல மாட்டேன். சனிக்கிழமை அவர்களுடைய கைகளைப் பார்ப்பேன். எழுவைதீவுப் பெற்றோரைப் பற்றி எழுதிய ஐந்து வருட வசனத்தையும் பிழை என்று அன்றே என் கையாலே அறிக்கையில் பதிவேன்.

யாகப்பு அண்ணை, தீர்மானம் நிறைவேறினால் அந்த அறைக்குப் பன்னிரண்டாவது கதிரை வரும். அதில் ஒரு பிள்ளை இருக்கும். பிள்ளைகள் தட்டத்தோடு கதவோரம் நிற்கிற வழக்கம் அன்றோடு சரி. தேத்தண்ணியை இந்தச் செயலாளர் கொண்டுவருவான். முதல் பேணியை அந்தப் பிள்ளையின் முன்னால் வைத்து, "சீனி எவ்வளவு, பிள்ளை?" என்று கேட்பான்.