பாரத்தில் எழுதிய வயது

இடஒதுக்கீடு கேட்டுப் போராடியவர்கள் சாலையில் மரங்களை வெட்டிப் போட்டிருந்ததால், கள்ளக்குறிச்சி பஸ் தியாகதுருகத்துக்கு முன்பே நின்றுவிட்டது. முன்சீட்டில், ஆயுள் காப்பீட்டு ஏஜெண்டாகப் போன மாதம் லைசென்ஸ் வாங்கியவர் நண்பரிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

“மொத பாலிசிக்குக் கல்வராயன் மலையில ஒருத்தரப் புடிச்சேன். குடும்பத்துல செத்தவங்க எந்த வயசுல செத்தாங்கன்னு பாலிசி பாரத்துல எழுதணும். தாத்தா, அப்பா, அண்ணன், மூணு பேருக்கும் நாப்பத்திரண்டுன்னாரு.”

“இன்னா நோவு?”

“நோவே இல்லியாம். படுத்தவங்க எழுந்திருக்கலியாம்.”

“அவருக்கு இன்னா வயசு?”

“நாப்பத்தொண்ணு. ஆபீஸ்ல தள்ளிடுவாங்க, மாத்தி எழுதிக்கலாம்னேன். வாணாம், உள்ளத எழுதுங்க, இதெல்லாம் ஒண்ணுமில்லன்னு உங்க ஆபீஸ்லயாவது சொல்றாங்களா பாக்கலாம்னாரு.”

“சொன்னாங்களா?”

“பாரம் திரும்பி வந்துடுச்சி. அத அவருகிட்ட குடுக்கத்தான் போய்க்கினு இருக்கேன்.”