ஹென்ட்ரே வீட்டுக் கடைசிப் பாட்டு

—உக்காராதே. இங்க யார் யார் இருக்கோம்னு முதல்ல சொல்லிடறேன், நாளைக்கு யாரும் மறுக்கக் கூடாது. ஹென்ட்ரே வீட்டு இத்வால், நான். என் தங்கச்சி மோர்வித். ஆத்துக்கு அந்தாண்ட காய்ஹீர் பண்ணை டெக்வின், நீ. மேசைக்கு அடியில கிழட்டு நாய் மோட். வேற ஆள் இல்லை.

—நாய் சாட்சி சொல்லாது அண்ணே. உக்காரு டெக்வின், டீ ஆறுது.

—இவனுக்கு டீ வேறயா? எந்தக் கோப்பையில ஊத்தின? அம்மாவோட நீலக் கோப்பையிலயா?

—கைக்கு வந்த கோப்பையில.

—நான் நின்னுக்கறேன் பெரியவரே. ஆடுகளுக்குத் தீவனம்கூட வைக்காம ஓடி வந்திருக்கேன். கேக்க வேண்டியதைக் கேளுங்க.

—கேக்கறேன். நேத்து கோயில்ல மெழுகுவத்தி ஏத்தியாச்சு, பாதிரியார் ஜெபம் முடிச்சாச்சு. வழக்கம்போல வீட்டுக்கு வீடு எழுந்து போய் அவங்கவங்க கிறிஸ்துமஸ் பாட்டைப் பாடினாங்க. ஒரு வீடு பாடிட்ட பாட்டை இன்னொரு வீடு அன்னிக்குப் பாடக் கூடாது. உண்டா இல்லையா?

—உண்டு. தொட்டில் பிள்ளைக்குக்கூடத் தெரியும்.

—கடைசியா எழுந்திருக்கிற வீடு எது?

—ஹென்ட்ரே.

—காலங்காலமா நாங்க பாடற பாட்டு எது?

—நேத்து... நாங்க பாடினது.

—கேட்டியா மோர்வித்! அவன் வாயாலயே வருது! எங்க பாட்டை, என் கண்ணு முன்னாடி, ரெண்டு பிள்ளைங்களையும் பக்கத்துல நிறுத்திக்கிட்டுப் பாடறான். முன் பெஞ்சுல புதுக் கோட்டு மாட்டிக்கிட்டு உக்காந்திருக்கேன் நான். என் முறை வந்துச்சு. ஜனம் திரும்பித் திரும்பிப் பார்த்துச்சு. பாட வாயில பாட்டு இல்லை. ஹென்ட்ரே வீடு எழுந்திருக்காத முதல் கிறிஸ்துமஸ் இதுதான்.

—அதுக்கு வருத்தப்படறேன் பெரியவரே.

—வருத்தமா? விருந்துல தபால் கடை நெரிஸ் கேக்கை அறுத்து முதல் துண்டை உன் தட்டுல வெச்சா. பல்லெல்லாம் தெரிய வாங்கிக்கிட்ட. பாதிரியார் உன் கையைக் குலுக்கறார், குலுக்கறார், பம்பு அடிக்கற மாதிரிக் குலுக்கறார். கோடையில ஆடு மேய்க்கற நாய்ங்க போட்டியில கோப்பை உனக்கு. கிடாவுக்கு முதல் பரிசு உனக்கு. நீ வைக்கோல் காயப்போட்டா மழைகூட வெறிச்சுக் குடுக்குது. இத்தனையும் பொறுத்துக்கிட்டேன். பாட்டும் வேணுமா உனக்கு?

—பொறுத்துக்கிட்டியா? அந்தக் கோப்பை அவனுக்குப் போனதும் நம்ம மோட்கிட்ட ஒரு வாரம் பேசலை நீ.

—நீ சும்மா இரு. இந்த லான்வெத்வென் ஊர்ல ஈயச் சுரங்கம் ஓடினப்ப ரெண்டு மதுக்கடை, மூணு ஜெபவீடு. சுரங்கம் மூடிச்சு. மதுக்கடை மூடிச்சு. பெரிய ஜெபவீட்டை லண்டன்காரன் வாங்கி, பிரசங்க மேடை இருந்த எடத்துல குளியல் தொட்டி போட்டிருக்கான். மிஞ்சினது இந்த ஒரு பாட்டுதான். எங்க முப்பாட்டன் சுரங்கத்து இருட்டுக்குள்ள கட்டினது. ஜன்னலைச் சாத்திட்டுத்தான் பழகுவோம். அது எப்படி ஆத்தைத் தாண்டி ஏரிக்காரன் காதுக்குப் போச்சு?

—ஏரிக்காரன். எங்க தாத்தா வண்டி கட்டி வந்து இறங்கினப்போ எங்கப்பாவுக்கே மீசை முளைக்கல. என் பிள்ளைங்க வரைக்கும் ஏரிக்காரன்தான். எங்க ஊருக்கும் பாட்டுங்க இருந்துச்சு பெரியவரே. அணை கட்டி ஏரியாக்கி, ஊரையே தண்ணிக்குள்ள விட்டாங்க. பாடினவங்க ஆளுக்கொரு திக்காப் போயிட்டாங்க.

—அதனால எங்களுதை எடுத்துக்கிட்டியா? யார் சொல்லிக் குடுத்தது?

—சொல்ல மாட்டேன். வாக்குக் குடுத்திருக்கேன்.

—சரி. இப்ப முட்டை வாங்க நெரிஸ் வருவா. அவகிட்ட ஒரு சொல் சொல்வேன். அவ தபால் கடையில சொன்னா கோயில் மணி அடிச்ச மாதிரி. மத்தியானத்துக்குள்ள காய்ஹீர் வீடு திருட்டு வீடுன்னு பள்ளத்தாக்கு பூரா தெரியும்.

—சொல்லிக்குங்க. நான் வாயைத் திறக்கல.

—ஐயோ, போதும்! அண்ணே, நான்தான் சொல்லிக் குடுத்தேன்.

—என்ன?

—செப்டம்பர்லேர்ந்து. வாரா வாரம் சந்தைக்குப் போறேன்னு சொல்லிட்டு இவங்க வீட்டுக்குத்தான் போனேன். இவன் வேண்டவே வேண்டாம்னான். நான்தான் கெஞ்சினேன்.

—என் ரத்தம்தானா நீ? அம்மா வயித்துல பொறந்தவதானா?

—பொறந்ததனாலதான். போன கிறிஸ்துமஸ் ஞாபகம் இருக்கா? மூணாவது அடியில உன் குரல் உடைஞ்சுது. நம்ம தம்பி எம்லின் தன் குரலை உசத்தி அதை மூடிட்டான்.

—சளி பிடிச்சிருந்தது.

—சளி இல்லை அண்ணே. கோழிக்குத் தவுடு வைக்கறப்ப நீ முணுமுணுப்பே, நான் கேக்கறேனே. சுருதி நிக்கலை. மூடறதுக்கு இந்த வருஷம் எம்லின் இல்லை. கல்லறைத் தோட்டத்துல இருக்கான். நீயும் நானும் ரெண்டே பேர். நீ பாடியிருந்தா ஊரே கேட்டிருக்கும். யாரும் சிரிச்சிருக்க மாட்டாங்க. அதுதான் கொடுமை. விருந்துல உன் தட்டுல ரெண்டு துண்டு கேக் வெச்சிருப்பாங்க. உன்னால முழுங்க முடியுமா?

—பாடாதேன்னு என்கிட்டயே சொல்லியிருக்கலாமே.

—சொன்னா கேக்கற ஆளா நீ? முன்னாடியே யாராவது பாடிட்டா, நீ உக்காந்திருக்கறது வழக்கம். வெக்கம் இல்லை. அதுக்கு எனக்குத் தெரிஞ்ச வழி இதுதான். இவன் திருட்டுப் பட்டத்தைச் சுமந்துக்கிட்டு நிக்கறான், நீ கண்ணுல பொறி பறக்கப் பார்த்துக்கிட்டிருக்கே.

—டெக்வின்.

—சொல்லுங்க பெரியவரே.

—உன் ரெண்டாவது பையன் நாலாவது அடியை இழுத்தான்.

—ஆமா, கொஞ்சம் இழுத்துட்டான்.

—கொஞ்சமா? எருமையை மூக்கணாங்கயிறு போட்டு இழுத்த மாதிரி! அங்க வெட்டி நிறுத்தணும். எங்க வீட்ல இழுக்க மாட்டோம். மத்தபடி...

—மத்தபடி?

—மத்தபடி, அந்த அடிக்குரல். உன் பெரியவன் இறங்கினானே, தரைக்குள்ள போற மாதிரி. எம்லினுக்கு அந்த இறக்கம் வராது. எனக்கு எந்தக் காலத்துலயும் வந்ததில்லை. ராத்திரியெல்லாம் தூக்கமே இல்லை, அதை நினைச்சு. திருட்டை நினைச்சு இல்லை.

—அண்ணே...

—அழாதே, டீயில விழும். இவனுக்கு வேற டீ ஊத்து, இது ஆறிப்போச்சு. உக்காரு டெக்வின். உக்காருன்னு சொல்றேன்ல. மோர்வித், அப்படியே ஜன்னலைச் சாத்து.

—ஜன்னலையா? எதுக்கு?

—நாலாவது அடிக்கு.

—வீட்ல யாரு? நெரிஸ் வந்திருக்கேன், முட்டைக்கு! அடடே, காய்ஹீர்க்காரர் இங்கயா இருக்கார்? நீலக் கோப்பை வேற! இத்வால் ஐயா, விடிஞ்சதுலேர்ந்து கடையில இதே பேச்சுதான். உங்க வீட்டுப் பாட்டை இவங்க திருடிட்டாங்கன்னு.

—யாரும் திருடலை நெரிஸ். நான்தான் குடுத்தேன்.